நோட்டீஸ் கைக்கு வந்த தேதி

சென்ற வாரம் கட்டட அனுமதி பற்றிப் பார்த்தோம். அனுமதியை மீறிக் கட்டியிருக்கிறீர்கள் என்று சொல்லி இடிக்க வந்தால் நமக்கு என்ன பாதுகாப்பு என்பதை இந்த வாரம் பார்ப்போம்.

பிரயாக்ராஜில் நடந்தது இது. வழக்கறிஞர் ஒருவர், பேராசிரியர் ஒருவர் உட்படச் சிலரின் வீடுகள். முதல் நோட்டீஸையும் இடிப்பு உத்தரவையும் சுவரில் ஒட்டியதாக அதிகாரிகள் கணக்குக் காட்டினார்கள். பதிவுத் தபாலில் உத்தரவு கைக்கு வந்தது 2021 மார்ச் 6, சனிக்கிழமை. மறுநாளே வீடுகளை இடித்துவிட்டார்கள். ஞாயிற்றுக்கிழமை எந்தக் கோர்ட்டுக்குப் போய்த் தடை வாங்குவது? 2025 ஏப்ரல் 1 அன்று உச்ச நீதிமன்றம் அந்த இடிப்பைச் சட்டவிரோதம் என்று கண்டித்து, வீட்டுக்காரர்களுக்குத் தலா 10 லட்சம் ரூபாய் வழங்கச் சொன்னது. அதற்குள் நான்கு வருடம் ஓடிவிட்டது.

இப்படி இனி நடக்கக் கூடாது என்பதற்கான விதிகளை உச்ச நீதிமன்ற நீதிபதிகள் பி.ஆர். கவாய், கே.வி. விஸ்வநாதன் அமர்வு 2024 நவம்பர் 13 அன்றே வகுத்துவிட்டது. ஒருவர் குற்றம் சாட்டப்பட்டவர், ஏன், தண்டிக்கப்பட்டவர் என்பதற்காகக்கூட அவர் வீட்டை இடிக்க முடியாது. நோட்டீஸ் பதிவுத் தபாலில் வர வேண்டும், கட்டடத்தின் வெளிப்புறத்திலும் ஒட்டப்பட வேண்டும். பதில் சொல்லக் குறைந்தது 15 நாள். அந்தக் கணக்கு நோட்டீஸ் நம் கைக்கு வந்த நாளிலிருந்துதான் தொடங்கும். நேரில் விசாரிக்க வேண்டும். உத்தரவு வந்த பிறகும் 15 நாள் பொறுக்க வேண்டும். இடிப்பதை வீடியோ எடுக்க வேண்டும்.

இவற்றில் எனக்கு மிக முக்கியமாகப் படுவது வேறொன்று. நோட்டீஸ் உரியவரிடம் சேர்ந்ததுமே கலெக்டர் அலுவலகத்துக்கு இ-மெயிலில் தகவல் போக வேண்டும்; கிடைத்தது என்று அங்கிருந்து தானாகவே பதில் வர வேண்டும். பழைய தேதி போட்டு நோட்டீஸ் தயாரித்தார்கள் என்ற புகாருக்கே இடம் இருக்கக் கூடாது என்பதற்கான ஏற்பாடு அது. ஏழை வீட்டுக்காரர் தோற்பது பெரும்பாலும் இந்தத் தேதி விஷயத்தில்தான். விதியை மீறி இடித்தால் நீதிமன்ற அவமதிப்பு. இடித்ததைத் திரும்பக் கட்டித் தரும் செலவும் அதிகாரியின் சொந்தப் பணத்திலிருந்து.

ஆனால் சாலை, நடைபாதை, ரயில் பாதை ஓரம், ஆறு, நீர்நிலை ஆகிய இடங்களில் உள்ள ஆக்கிரமிப்புகளுக்கும், நீதிமன்றமே இடிக்கச் சொன்னவற்றுக்கும் இந்த விதிகள் பொருந்தாது. ஏரி, குளம், ஆற்றங்கரையில் குடியிருப்போர் இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். தமிழ்நாட்டின் 1905-ஆம் வருட நில ஆக்கிரமிப்புச் சட்டத்தில்கூட 7-ஆம் பிரிவின்படி முன்னறிவிப்பு தர வேண்டும் என்று இருக்கிறது. அதைக் கேட்டு வாங்குங்கள்.

நோட்டீஸ் வந்தால் பயந்து திருப்பி அனுப்பாதீர்கள். வாங்குங்கள். தபால் முத்திரை உள்ள உறையைப் பத்திரப்படுத்துங்கள். சுவரில் ஒட்டியிருந்தால் அன்றைக்கே போட்டோ எடுங்கள். பதிலை எழுத்தில் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால் தாலுகா கோர்ட்டிலேயே இருக்கும் இலவச சட்டப் பணிகள் குழுவுக்குப் போங்கள். பதினைந்தாவது நாள்வரை காத்திருக்காமல் முதல் நாளே போங்கள்.