தூங்கும் மரத்தில் விழித்திருக்கும் பெரணி

மாணவர்களே, சாலையோரத் தூங்குமூஞ்சி மரத்தை அண்ணாந்து பார்த்திருக்கிறீர்களா? பச்சைப் பொத்தான்களைக் கோத்துக் கிளையில் சுற்றிவிட்டதுபோல் ஒரு சிறு செடி படர்ந்திருக்கும். பார்க்கக் கொடி மாதிரி இருந்தாலும் அது பெரணி. மலாயில் ‘சிசிக் நாகா’, அதாவது டிராகன் செதில். (மலாய்மொழியின் ‘நாகா’ நம் நாகப்பாம்பு அன்று!) அறிவியல் பெயர் பைரோசியா பைலோசெல்லாய்டிஸ்.

மரத்தின் சாற்றை உறிஞ்சுகிறது என்று சொல்லிப் பலர் இதைப் பிய்த்தெறிகிறார்கள். வீண்பழி. சாற்றைத் திருடுவது புல்லுருவி. அது மரத்தின் உள்ளேயே புகுந்துவிடும். இந்தப் பெரணியின் வேர்களோ பட்டையைப் பற்றிக்கொள்வதோடு சரி. மழைநீரையும், பட்டை இடுக்கில் சேரும் தூசி, மட்கிய இலைத்துணுக்குகளில் உள்ள தாதுக்களையும் கொண்டே அது வாழ்கிறது. இத்தகையவற்றைத் தொற்றுத்தாவரங்கள் என்கிறோம்.

ஆண்டுக்கு 2,000 மில்லிமீட்டருக்கும் மேல் மழை பெய்யும் நம் ஊரில் அதற்குத் தண்ணீர்ப் பஞ்சமா என்று கேட்பீர்கள். பஞ்சம்தான். கிளையில் நீரைத் தேக்கிவைக்க மண் இல்லை. மழை விட்டு வெயில் அடித்தால் பட்டை சீக்கிரமே காய்ந்துவிடும். பெரணிக்கு அது ஒரு குட்டிப் பாலைவனம்.

அதனால்தான் இலைகள் தடித்திருக்கின்றன, அவை நீர்த்தொட்டிகள். ஆனால் இன்னொரு சிக்கல். ஒளிச்சேர்க்கைக்குக் கரிவளி வேண்டும். அதற்காகப் பகலில் இலைத்துளைகளைத் திறந்தால், சேமித்த நீர் ஆவியாகிவிடும். இந்தப் பெரணி என்ன செய்கிறது தெரியுமா? மாலையில் மரம் தன் இலைகளை மடித்துத் தூங்கப் போனபின், குளிர்ந்த இரவில் துளைகளைத் திறக்கிறது. உள்ளே வரும் கரிவளியை மாலிக் அமிலமாக மாற்றிச் சேர்த்துவைக்கிறது. விடிந்ததும் துளைகளை மூடிக்கொண்டு, அமிலத்திலிருந்து கரிவளியைப் பிரித்தெடுத்து, சூரிய ஒளியில் உணவு தயாரிக்கிறது. இதனால் அதிகாலையில் இலையில் புளிப்பு அதிகம், மாலையில் குறைவு. (தயவுசெய்து கடித்துப் பார்க்காதீர்கள்.) ஜொகூர்த் தோட்டங்களின் அன்னாசியும் இதே வேலையைத்தான் செய்கிறது.

வட்ட இலைகளுக்கு நடுவே நீண்டு ஒடுங்கிய சில இலைகளையும் காண்பீர்கள். திருப்பிப் பாருங்கள், ஓரத்தில் பழுப்புக் கரை ஓடும். அங்கேதான் சிதல்விதைகள் உருவாகின்றன. தூசிபோலக் காற்றில் பறக்கும் அவை, ஈரம் தங்கும் ஓர் இடுக்கில் விழுந்தால்தான் முளைக்கும். பெரணியின் ஆணணு நீரில் நீந்தித்தான் சினைமுட்டையை அடைய முடியும் என்பதால் பிறகும் ஈரம் தேவை.

தூங்குமூஞ்சி மரம் 1876இல் சிங்கப்பூருக்குக் கொண்டுவரப்பட்ட அமெரிக்க மரம். பெரணியோ இந்த மண்ணுக்கே உரியது. வந்த மரத்தில் அது எப்படி இத்தனை வசதியாகக் குடியேறியது? மரத்தடிக்குப் போய்ப் பட்டையை ஒருமுறை தடவிப் பாருங்கள்.