மெல்லிய பூச்சு, நாலு அடுக்கு

கமண்டல நாகநதி ஜவ்வாது மலையிலிருந்து இறங்கி, படவேட்டுப் பக்கமாக ஆரணிக்குப் போகிறது. அந்த வழியில் பட்டுத்தறி தெரிந்த குடும்பங்கள் உண்டு. தறி இருக்கும் வீட்டில் பெண்கள் ராட்டையில் தார் சுற்றுவார்கள், அறுந்த பாவு இழையைத் தேடிப் பிடித்து முடிவார்கள். எல்லாமே விரல் நுனி வேலை. பட்டுக்கூட்டிலிருந்து பிரியும் ஒற்றை இழையின் தடிமன் ஒரு மில்லிமீட்டரில் நூற்றில் இரண்டு, மூன்று பங்குதான் இருக்கும். அப்படிப்பட்ட இழைகள் பல சேர்ந்து முறுக்கேறித்தான் தறிக்கு வருகின்றன. ஆனாலும் நகத்தின் ஓரம் சொரசொரப்பாக இருந்தால் அதில் ஓர் இழை மாட்டிக்கொண்டு மேலே எழும்பிவிடும். நெய்த துணியின்மேல் கை தடவும்போதும் இதே ஆபத்துதான். நெயில் பாலிஷ் பாதி உரிந்து, ஓரம் தூக்கிக்கொண்டிருக்கும் நகம் இன்னும் மோசம்.

பட்டோடு பழகும் கைக்கு நெயில் பாலிஷ் கூடாது என்று இதற்கு அர்த்தம் இல்லை. வழவழப்பாக, உரியாமல், நாள் பிடித்து நிற்கும்படி பூசத் தெரிந்திருக்க வேண்டும். அதற்கு விலை உயர்ந்த புட்டி தேவையில்லை. அந்தப் புட்டிக்குள் என்ன நடக்கிறது என்று புரிந்தால் போதும்.

புட்டிக்குள் இருப்பதில் பெரும்பகுதி, நகத்தில் தங்கவே தங்காத பொருள். எத்தில் அசிட்டேட், பியூட்டைல் அசிட்டேட் என்ற இரண்டு கரைப்பான்கள்தான் மொத்தத்தில் முக்கால் பங்குக்கு அருகில் இருக்கும். மூடியைத் திறந்ததும் மூக்கில் ஏறும் வாசனை இவற்றுடையது. பூசிய சில நிமிடங்களில் இவை ஆவியாகிப் போய்விடுகின்றன. நகத்தின்மேல் மிஞ்சுவது நைட்ரோசெல்லுலோஸ் என்ற பொருளின் மெல்லிய படலம். அது தனியாக நின்றால் நொறுங்கிப்போகும் என்பதால், வளைந்து கொடுக்க ஓர் இளக்கியும், நகத்தோடு ஒட்டிப் பளபளக்க ஒரு பிசினும் சேர்க்கிறார்கள். நிறத்துக்கு நிறமித் தூள், மினுமினுப்புக்கு அபிரகத் தூள். கூடவே களிமண்ணும் கொஞ்சம் உண்டு. அந்தக் களிமண் இருப்பதால்தான் புட்டி சும்மா இருக்கும்போது திரவம் கூழாக நின்று, நிறமி அடியில் இறங்காமல் தாங்கிக்கொள்கிறது. தூரிகையால் இழுத்த உடனே அதே கூழ் தண்ணீராகி நகத்தில் பரவுகிறது. கையை எடுத்ததும் மறுபடி கூழாகி, வழியாமல் நிற்கிறது.

இந்த நைட்ரோசெல்லுலோஸின் கதையை ஆரணி வட்டாரத்து வாசகர் அவசியம் தெரிந்துகொள்ள வேண்டும், ஏனென்றால் அது ஒரு காலத்தில் பட்டுக்குப் போட்டியாக வந்தது. 1846-இல் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் கிறிஸ்டியான் ஷேன்பைன் என்ற வேதியியலாளர், நைட்ரிக் அமிலமும் கந்தக அமிலமும் கலந்த கலவையில் பஞ்சை ஊறவைத்து எடுத்தார். பார்க்கப் பஞ்சு போலவே இருந்த அது, நெருப்புப் பட்டால் புகையில்லாமல் பொசுக்கென்று எரிந்து மறைந்தது. அதுவே வெடிபஞ்சு, நைட்ரோசெல்லுலோஸின் ஒரு வடிவம். நீலகிரியில் அருவங்காடு என்ற ஊரில் நூறு ஆண்டுகளுக்கும் மேலாக இயங்கும் கார்டைட் தொழிற்சாலையின் பெயரில் உள்ள கார்டைட்டுக்கும் இந்த நைட்ரோசெல்லுலோஸ் ஒரு முக்கிய மூலப்பொருள். அமிலத்தின் வேலையைக் கொஞ்சம் குறைத்து, நைட்ரஜன் குறைவாக ஏறும்படி செய்தால் அது வெடிக்கு உதவாது. ஆனால் கரைப்பான்களில் நன்றாகக் கரைந்து, உலர்ந்தால் கண்ணாடி போன்ற படலமாகும்.

பிரான்சில் பட்டுப்புழுக்களைத் தாக்கிய நோயை லூயி பாஸ்டர் ஆராய்ந்த காலத்தில், அதே பட்டுப்புழுவைப் பார்த்து வேறொரு யோசனைக்குப் போனவர் இலேர் த ஷார்தோனே. புழு தன் வாயிலிருந்து ஒரு திரவத்தை இழுத்து நூலாக்குகிறது என்றால் மனிதனால் ஏன் முடியாது? நைட்ரோசெல்லுலோஸ் கரைசலை நுண்ணிய துளைகள் வழியே தள்ளி, கரைப்பானை ஆவியாக்கி நூல் எடுத்தார். 1884-இல் காப்புரிமை பெற்றார். 1889 பாரிஸ் கண்காட்சியில் அந்த நூலைக் காட்சிக்கு வைத்தார். உலகின் முதல் செயற்கைப் பட்டாகச் சந்தைக்குப் போனது அதுதான். எளிதில் தீப்பிடிக்கும் குணத்தால் அதற்கு நைட்ரஜனை நீக்கும் இன்னொரு பக்குவம் தேவைப்பட்டது. பிறகு வேறு செயற்கை இழைகள் வந்து அதை ஓரங்கட்டிவிட்டன. நைட்ரோசெல்லுலோஸ் மட்டும் ஓயவில்லை. சினிமாச் சுருளாகியது. 1920-களில் கார்களுக்கு அடிக்கும் வேகமாக உலரும் பெயின்டாகியது. அந்தப் பெயின்டின் பளபளப்பை விரலுக்குக் கொண்டுவந்ததுதான் இன்றைய நெயில் பாலிஷ். 1932-இல் நியூயார்க்கில் தொடங்கிய ரெவ்லான், அடர்ந்த நிறமிகளைச் சேர்த்து நகமே தெரியாதபடி மூடும் பூச்சுகளை விற்றது. இந்தியாவில் டாட்டா குழுமம் 1952-இல் லாக்மே நிறுவனத்தைத் தொடங்கியது. ஆக, பட்டுக்கு மாற்றாக நூலாகப் பார்த்த அதே பொருள், இன்று பட்டு நெய்யும் விரலின் நகத்தில் படலமாக உட்கார்ந்திருக்கிறது.

இனி நகத்தைப் பார்ப்போம். நகம் உயிரற்ற செல்கள் தகடுதகடாக அடுக்கி இறுகிய கெரட்டின் பலகை. முடியிலும் கொம்பிலும் இருப்பது இதே கெரட்டின் வகைப் புரதம்தான். கெட்டியாகத் தெரிந்தாலும் அது தண்ணீரை வேகமாக உறிஞ்சும். பாத்திரம் தேய்த்தாலோ குளித்தாலோ நகம் ஊறிக் கொஞ்சம் உப்பி விரியும், காய்ந்ததும் சுருங்கும். மேலே உள்ள பூச்சு அந்த அளவுக்கு விரிந்து சுருங்காது. நகம் ஊறியிருக்கும்போது பூசினால், அது சுருங்கும் நேரத்தில் பூச்சு பிடிவிட்டுப்போகும். இரண்டே நாளில் நுனி உரிவதற்கு அதிகம் காரணமாவது இதுதான், மட்டமான புட்டி அல்ல. அழகு நிலையங்களில் கையை வெந்நீரில் ஊறவைத்துவிட்டு உடனே பூசும் பழக்கம் இருக்கிறது. வீட்டில் அதைப் பின்பற்றாதீர்கள். கடைசியாகத் தண்ணீர் பட்டு ஒரு மணி நேரமாவது போகட்டும்.

நகத்தை வெட்டியபின் அரத்தை ஒரே திசையில் இழுத்து ஓரத்தைச் சமன் செய்யுங்கள். முன்னும் பின்னும் தேய்த்தால் கெரட்டின் தகடுகள் பிரிந்து நுனி இரண்டாகப் பிளக்கும். தறி வேலை செய்பவர்கள் இதில் கூடுதல் கவனம் வைக்க வேண்டும். சரியாகத் தேய்த்திருக்கிறோமா என்று பார்க்க, கழித்த பட்டு நூல் துண்டு ஒன்றை நகத்தின் ஓரத்தில் குறுக்கே இழுத்துப் பாருங்கள், எங்கே மாட்டுகிறது என்று அது காட்டிவிடும். நகம் தொடங்கும் இடத்தில் உள்ள மெல்லிய தோலை வெட்டவே கூடாது. நகம் வளரும் வேர்ப்பகுதிக்குள் கிருமி நுழையாமல் அடைத்திருக்கும் வாசல் அது. அதன்பின் பூச்சை அகற்றும் ரிமூவரில் நனைத்த பஞ்சால் ஒவ்வொரு நகத்தையும் ஒருமுறை துடையுங்கள். பழைய பூச்சு இல்லாவிட்டாலும் துடைக்க வேண்டும். கையில் உள்ள எண்ணெய்ப் பசைமேல் எந்தப் பூச்சும் பிடிக்காது.

முதல் அடுக்கு பேஸ் கோட். நிறமில்லாத இந்தப் பூச்சில் நகத்தோடு ஒட்டும் பிசின் அதிகம். சிவப்பு, கருஞ்சிவப்பு நிறங்கள் நகத்தில் மஞ்சள் கறை படியவிடாமல் தடுப்பதும் இதுவே. பலர் இதைத் தேவையற்ற செலவு என்று விட்டுவிடுகிறார்கள். என்னைக் கேட்டால், டாப் கோட்டைக்கூட விட்டுவிடலாம், பேஸ் கோட்டை விடக்கூடாது.

அடுத்தது நிறம். இங்கேதான் முக்கியமான அறிவியல் இருக்கிறது. நெயில் பாலிஷ் உலரும்போது எந்த வேதிமாற்றமும் நடப்பதில்லை, கரைப்பான் வெளியேறுகிறது, அவ்வளவுதான். கரைப்பான் முதலில் மேற்பரப்பிலிருந்து போகும். கனமாகப் பூசினால் மேலே தோல் கட்டிவிடும், அடியில் ஈரம் சிறைப்படும். சிறைப்பட்ட கரைப்பான் வெளியேற வழி தேடும்போது கொப்புளம் எழும், சுருக்கம் விழும். அரை மணி நேரம் கழித்தும் விரல் பட்டால் அமுங்கும். மெல்லிதாகப் பூசிய அடுக்கிலோ அடிவரை உள்ள கரைப்பான் தடையின்றிப் போய்விடும். அதனால் முதல் கை நிறம் திட்டுத்திட்டாக, நகம் தெரியும்படி இருந்தாலும் கவலை வேண்டாம், அப்படித்தான் இருக்க வேண்டும். இரண்டாவது கை அதை நிரப்பும்.

இரண்டாவது கை பூசும்போது நடப்பது சுவையானது. புதிய பூச்சில் உள்ள கரைப்பான் கீழே உலர்ந்த அடுக்கின் மேற்பரப்பைக் கொஞ்சம் கரைத்து இளக்குகிறது. இரண்டு அடுக்குகளும் தொடும் இடத்தில் கலந்து, சேர்ந்து உலர்ந்து ஒரே படலமாகின்றன. அடுக்குகள் தனித்தனித் தாள்களாக உரியாமல் இருப்பதற்கு இந்தக் கலப்பே காரணம். ஆனால் முதல் அடுக்கு போதுமான அளவு உலராமல் இருந்தால் கரைப்பான் அதை முழுவதுமாக இளக்கிவிடும், தூரிகை அதை வாரி இழுத்துக்கொண்டு போகும், கோடும் குழியும் விழும். இரண்டு, மூன்று நிமிடம் பொறுக்கச் சொல்வதன் பொருள் இதுதான். பத்து விரலையும் முடித்துவிட்டு முதல் விரலுக்குத் திரும்பினால் அந்த நேரம் பெரும்பாலும் கடந்திருக்கும். தூரிகையின் ஒரு பக்கத்தைப் புட்டியின் வாயில் வழித்துவிட்டு, நடுவில் ஓர் இழுப்பு, இரு ஓரங்களிலும் ஒவ்வோர் இழுப்பு என்று முடியுங்கள். மறுபடி மறுபடி தடவாதீர்கள். சுற்றியுள்ள தோலில் பூச்சு ஏறாமல் மயிரிழை இடைவெளி விடுங்கள். தோலில் ஏறிய பூச்சு தோல் அசையும்போது தூக்கும், அங்கிருந்துதான் முழுப்பூச்சும் உரியத் தொடங்கும்.

டாப் கோட் நாலாவது அடுக்கு. இதை மேற்பரப்போடு நிறுத்தாமல் நகத்தின் முனையிலும் ஓர் இழுப்பு இழுத்து ஓரத்தை மூடிவிட வேண்டும். தார் சுற்றுகிறவர்களுக்கு, மாவு பிசைகிறவர்களுக்கு, கீபோர்டில் தட்டுகிறவர்களுக்கு எல்லாம் முதலில் தேய்வது அந்த முனைதான். தண்ணீர் உள்ளே புகுவதும் அந்த வழியாகத்தான்.

தொட்டால் ஒட்டவில்லை என்பதால் உலர்ந்துவிட்டது என்று நினைக்கக்கூடாது. உள்ளே மிஞ்சிய கரைப்பான் முழுவதும் வெளியேறிப் படலம் இறுகச் சில மணி நேரம் ஆகும். படுக்கப்போகும் முன் பூசினால் காலையில் போர்வையின் நெசவு நகத்தில் அச்சாகியிருக்கும். மின்விசிறிக்கு நேரே கையை நீட்டுவதும் நல்லதல்ல. கரைப்பான் மிக வேகமாக ஆவியாகும்போது மேற்பரப்பு குளிர்ந்துவிடும், மழைக்காலத்து ஈரக்காற்றிலிருந்து நீர் அதன்மேல் படியும், பூச்சு பால்போல வெளுக்கும். ஐப்பசி, கார்த்திகையில் பூச்சு மங்கினால் புட்டியைக் குறை சொல்லாமல் ஈரம் குறைந்த நடுப்பகலில் பூசிப் பாருங்கள். புட்டியைக் குலுக்கினால் காற்றுக் குமிழி ஏறும், உள்ளங்கைகளுக்கு நடுவே வைத்து உருட்டுவதே சரி. கெட்டியான பழைய புட்டியில் ரிமூவரை ஊற்றாதீர்கள். பூச்சின் கட்டமைப்பைக் குலைத்துவிடும். இதற்கென்றே விற்கும் தின்னர் இரண்டு சொட்டு போதும்.

ஆடி மாதத்தில் படவேடு ரேணுகாம்பாள் கோயிலுக்கு வரும் பெண்களின் கைகளில் நெயில் பாலிஷைவிட மருதாணி அதிகம். இரண்டும் நகத்தைச் சிவக்க வைத்தாலும் செயல்படும் விதம் நேர் எதிர். மருதாணி இலையில் உள்ள லாசோன் என்ற சிறிய மூலக்கூறு நகத்துக்குள் ஊடுருவி, கெரட்டினோடு வேதிப்பிணைப்பால் சேர்ந்துவிடுகிறது. நெயில் பாலிஷ் மேலே உட்காருகிறது, உள்ளே போவதில்லை. அதனால் மருதாணியை எந்தத் திரவத்தாலும் கழுவ முடியாது. விரல் நகம் மாதம் ஏறக்குறைய 3 மில்லிமீட்டர் வளரும், முழுவதும் மாற ஆறு மாதம்வரை ஆகும். மருதாணி போகும் வழி அது ஒன்றே. பட்டில் மாட்டவோ உரியவோ அதில் ஒன்றும் இல்லை. தறியில் உட்காருகிறவர்களுக்கு அதைவிடப் பொருத்தமான நகச்சாயம் இல்லை என்பது என் கருத்து.

பட்டு இருக்கும் அறையில் நெயில் பாலிஷ் புட்டியையோ ரிமூவர் புட்டியையோ திறக்கக்கூடாது. பல ரிமூவர்களில் இருக்கும் அசிட்டோன் அசல் பட்டு இழையைக் கரைக்காது, ஆனால் சாயத்தைக் கலைக்கலாம், கறையைப் பரப்பலாம். அசிட்டேட் இழையில் நெய்த துணி என்றால் பட்ட இடம் கரைந்தே போய்விடும். கரைப்பானின் ஆவி கண்ணுக்குத் தெரியாமல் தரையோரம் பரவி நெருப்பைத் தேடிப் போகும் என்பதால் விளக்கு, ஊதுவத்தி, அடுப்பு எதுவும் அருகில் வேண்டாம். ஜன்னலைத் திறந்து வைத்துக்கொள்ளுங்கள். கண் இமையிலோ கழுத்திலோ காரணம் தெரியாமல் அரிப்பும் தடிப்பும் வந்தால் நெயில் பாலிஷையும் சந்தேகப்படுங்கள். அதிலுள்ள பிசினால் வரும் ஒவ்வாமை விரலில் தெரியாமல், விரல் அடிக்கடி தொடும் மென்தோலில்தான் பெரும்பாலும் வெளிப்படும்.

அகற்றும்போது சுரண்டாதீர்கள், நகத்தின் மேல்தகடும் கூடவே வந்துவிடும். ரிமூவரில் நனைத்த பஞ்சை நகத்தின்மேல் அரை நிமிடம் அழுத்தி வைத்து, ஒரே வழிப்பில் எடுங்கள். கையைக் கழுவித் துடைத்தபின் இரண்டு சொட்டு தேங்காய் எண்ணெய் தடவுங்கள். அறுவை சிகிச்சைக்கோ மூச்சுத் தொல்லைக்கோ மருத்துவமனைக்குப் போகிறவர்கள் புறப்படும் முன்பே பூச்சை எடுத்துவிடுங்கள். விரலில் மாட்டும் ஆக்சிஜன் கருவி நகத்தின் வழியே ஒளியைச் செலுத்தித்தான் அளக்கிறது, அடர்ந்த பூச்சு அந்த அளவைத் தவறாகக் காட்டச் செய்யலாம்.