படிவத்தின் பெட்டியும் அதன் பெறுமானமும்



மலையக மக்களுக்குப் படிவம் புதியதன்று. 1949ஆம் ஆண்டின் இந்திய, பாக்கிஸ்தானிய வதிவோர் பிரசாவுரிமைச் சட்டத்தின் கீழ்த் தோட்டத் தொழிலாளர் பெருந்தொகையாக விண்ணப்பித்தனர். அதற்குரிய காலம் 1951 ஆகஸ்டில் முடிவுற்றது. விண்ணப்பங்களிற் பெரும்பாலானவை நிராகரிக்கப்பட்டன. படிவத்தில் எழுதியது யாது, அதைப் படித்தவர் எவ்வாறு கொண்டார் என்பதில் ஒரு குடும்பத்தின் நாடே தங்கியிருந்தது.

இன்று படிவங்கள் பல இணையத்திற்கு வந்துவிட்டன. அவற்றை முதலிற் படிப்பது அலுவலரல்லர், கணினி நிரல். அது எவ்வாறு படிக்கின்றது?

இக்காலத்து இணையப் பக்கம் சிறு சிறு கூறுகளாகக் கட்டப்படுகின்றது. பெயர் எழுதும் பெட்டி ஒரு கூறு. முகவரிப் பெட்டி மற்றொன்று. 2013இல் வெளியிடப்பட்ட ரியாக்ட் என்னும் நிரற்றொகுப்பு இம்முறையைப் பெரிதும் பரப்பியது. பெட்டியிலுள்ள பெறுமானத்தைப் படிப்பதற்கு இரு வழிகள் உள.

முதலாவது, ஒவ்வோர் எழுத்து விழும்போதும் கூறு அதனைத் தன் நினைவிற் பதிந்து, அந்நினைவிலிருந்தே பெட்டியிற் காட்டுவது. கொழுந்தை ஒவ்வொரு முறை நிறுக்கும்போதும் உடனே ஏட்டிற் பதிவதை இது ஒக்கும். தவறு நேர்ந்தால் அக்கணமே சுட்டிக்காட்டலாம்.

இரண்டாவது, எழுதி முடியும்வரை தலையிடாதிருந்து, ‘அனுப்புக’ என்னும் பொத்தானை அழுத்தும்போது மட்டும் படிப்பது. மாலையில் ஒரே முறை நிறுப்பது போன்றது. வேலை எளிது, ஆனால் பிழை பிந்தியே தெரியவரும். பொத்தானை அழுத்தியதும் பக்கத்தைப் புதிதாக ஏற்றுவது உலாவியின் இயல்பு. நிரல் அதனைத் தடுக்காவிடின் எழுதியன அழிந்துபோகக்கூடும்.

இனி, கவனிக்கவேண்டியதொன்றுண்டு. எழுதும் பெட்டியிலிருந்து கிடைப்பது எழுத்துத் தொடரேயன்றி எண்ணன்று. ஹற்றன் தொலைபேசி இலக்கம் 051 என்றும், நுவரெலியா இலக்கம் 052 என்றும் தொடங்கும். நிரல் அதனை எண்ணாக மாற்றினால் முன்னுள்ள சுழியம் மறைந்துவிடும். பழைய அடையாள அட்டையில் 9 இலக்கங்களின் பின் வரும் ஆங்கில எழுத்துக்கு, எண்களை மட்டும் ஏற்கும் பெட்டியில் இடமில்லை.

லயன் வீடுகள் பலவற்றுக்குத் தனி முகவரி இல்லை. வீட்டிலக்கமின்றி ஏற்கமாட்டேன் என நிற்கும் பெட்டி, இல்லாததைக் கேட்டு உள்ள மனிதரைத் திருப்பியனுப்புகின்றது. இது படிக்கும் முறையின் குறையன்று. எதைக் கட்டாயமாக்குவது என்று முடிவு செய்தவரின் குறை.

ஆகவே, நிரல் எழுதும் இளைஞர்கள் பெட்டியில் எழுதப்பட்டதை எழுதியவாறே ஏற்று, அனுப்புமுன் எழுதியவருக்கே ஒருமுறை காட்டுதல் வேண்டும். படிவத்தின் மறுபுறத்தில் இருப்பவர் ஒரு மனிதர் என்பது மறக்கத்தக்கதன்று.