முட்டையில்லாமல் டார்டர் சாஸ் கெட்டிப்படுவது எப்படி?

மயோனைஸில் வினிகரில் ஊறிய வெள்ளரிக்காயையும் வெங்காயத்தையும் பொடியாக நறுக்கிக் கலந்தால் டார்டர் சாஸ். பச்சை முட்டை மயோனைஸுக்குத் தமிழ்நாடு அரசு 2025 ஏப்ரல் 8 முதல் ஓராண்டுத் தடை விதித்தது. அது ஷவர்மா கடை போன்ற உணவுக் கடைகளுக்குத்தானே, வீட்டுக்கு இல்லையே என்று கேட்கலாம். சட்டப்படி சரிதான். ஆனால் பச்சை முட்டையில் இருக்கக்கூடிய சால்மொனெல்லா கிருமி 37 டிகிரி வெப்பத்தில் செழித்துப் பெருகும். சென்னை வெயிலில் சமையலறை அந்த வெப்பத்தை எட்டிவிடலாம். எலுமிச்சைச் சாறு கிருமியைக் கொல்லாதா? போதிய அமிலமும் நேரமும் கிடைத்தால் கொல்லும். ருசிக்குப் பிழியும் அரை மூடியை நம்ப முடியாது. ஃபிரிட்ஜ் கிருமியின் பெருக்கத்தைத்தான் தடுக்கும், அதைக் கொல்லாது.

முட்டை இல்லாவிட்டால் சாஸ் திரண்டு வராது என்பதும் தவறு. எண்ணெயும் நீரும் ஒட்டாதவை. மஞ்சள் கருவிலுள்ள லெசித்தின் ஒரு முனையால் எண்ணெயையும் மறுமுனையால் நீரையும் பற்றிக்கொண்டு, நுண்துளிகள் ஒன்றுசேராமல் காக்கிறது. பாலிலுள்ள கேசின் புரதமும் இதே வேலையைச் செய்யும். காய்ச்சி ஆறவைத்த குளிர்ந்த பால் ஒரு பங்கு, வாசனையில்லாத எண்ணெய் இரண்டு பங்கு. மிக்சியில் பாலை ஓடவிட்டு எண்ணெயை மெல்லிய தாரையாக ஊற்றுங்கள். மொத்தமாகக் கொட்டினால் எண்ணெய் நுண்துளிகளாக உடையாமல் பிரிந்துவிடும். எலுமிச்சையைக் கடைசியில் சேருங்கள். அமிலம் பட்டதும் கேசின் இறுகிச் சாஸ் இன்னும் கெட்டியாகும். வெள்ளரியையும் வெங்காயத்தையும் நீர் பிழிந்தே கலக்குங்கள். வறுத்த வஞ்சிரத்தோடு அன்றைக்கே சாப்பிட்டு முடித்துவிடுங்கள்.