ஒன்றுமே நடக்காத கதை

“சண்டை இல்லை, மந்திரம் இல்லை, பள்ளிப் பெண்கள் சிலர் பேசிக்கொண்டே இருக்கிறார்கள். இதிலே என்னதான் இருக்கிறது?” பிள்ளைகள் ஜப்பானியக் கார்ட்டூன் பார்க்கும்போது வீட்டுப் பெரியவர்கள் கேட்கும் கேள்வி இது. நியாயமான கேள்விதான்.

‘அஸுமாங்கா டாயோ’ என்ற தொடரை எடுத்துக்கொள்வோம். அஸுமா கியோஹிக்கோ என்பவர் 1999 முதல் 2002 வரை ஒரு மாத இதழில் வரைந்த சித்திரக் கதை இது. நான்கே கட்டம், அதற்குள் ஒரு சிரிப்பு. 2002-இல் இதைத் தொலைக்காட்சிக்காக 26 பாகங்களாக எடுத்தார்கள். உயர்நிலைப் பள்ளியில் சில மாணவிகள் கழிக்கும் மூன்று ஆண்டுகள்தாம் கதை. தேர்வு, விளையாட்டு விழா, கோடை விடுமுறை. அவ்வளவே.

சகாகி என்ற மாணவியைப் பாருங்கள். நெடிய உருவம், அதிகம் பேசாதவள். மிடுக்கானவள் என்று மற்றவர்கள் சற்று எட்டியே நிற்கிறார்கள். அவள் மனமோ பூனைக்குட்டிக்கு ஏங்குகிறது. தெருவோரம் ஒரு சாம்பல் நிறப் பூனை. குனிந்து மெல்லக் கையை நீட்டுவாள், வெடுக்கென்று கடிக்கும். இன்னொரு நாளும் நீட்டுவாள்; அன்றும் கடிதான். வேறு படமாக இருந்தால் நொடியில் முடிந்திருக்கும். இங்கே கை நகர்ந்துகொண்டே இருக்கிறது. கடிக்கப்போகிறது என்று தெரிந்தும், ‘இன்றைக்காவது விடாதா?’ என்று நாமும் மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்க்கிறோம். அந்தக் காத்திருப்பில்தான் சிரிப்பு இருக்கிறது. கொஞ்சம் இரக்கமும் இருக்கிறது.

ஒசாகா நகரிலிருந்து மாற்றலாகி வந்த ஒருத்திக்கு ஊர்ப் பெயரையே பட்டப்பெயராக வைத்துவிடுகிறார்கள். வகுப்பாசிரியையும் அப்படியே கூப்பிடுகிறார்! ஒசாகாக்காரர் என்றால் வாய்த்துடுக்கும் வேகமும் உள்ளவர் என்பது ஜப்பானில் ஊறிப்போன எண்ணம். இவளோ எதிலும் நிதானம், பகற்கனவுக்காரி. ஊரைச் சொல்லி ஆளை அளப்பவர்களைத்தான் கதாசிரியர் கிண்டல் செய்கிறார் என்பது என் எண்ணம்.

சியோ பத்து வயதுச் சிறுமி. அறிவுக்கூர்மையால் வகுப்புகளைத் தாண்டி வந்து இவர்களோடு உட்கார்ந்தவள். விளையாட்டு விழாவில் தன்னால் வகுப்புக்கு இழுக்கு வருமே என்று கலங்குகிறாள். மற்றவர்கள் அவளை ஒதுக்குவதில்லை. கேலி உண்டு, கூடவே அணைப்பும் உண்டு.

ஒகினாவாவுக்குச் சுற்றுலா போகிறார்கள். அங்கே இரியோமோத்தே என்ற தீவில் மட்டுமே வாழும் அரிய காட்டுப்பூனை ஒன்று உண்டு. அதன் குட்டி சகாகியிடம் தானாகவே வருகிறது. கடிக்கவில்லை! அத்தனை கடிகளையும் பார்த்தவர்களுக்குத்தான் அந்த இடத்தின் அருமை தெரியும்.

மூன்றாம் ஆண்டு முடிகிறது. சகாகி கால்நடை மருத்துவம் படிக்கப் போகிறாள். சியோ மேற்படிப்புக்கு அமெரிக்கா புறப்படுகிறாள். நிறைவு விழாவன்று, ஒன்றுமே நடக்காத அந்த வகுப்பறையை விட்டுப் போக அவர்களுக்கு மனம் வரவில்லை. பார்க்கிற நமக்கும்தான்.