நியூட்டனை இன்ஸ்டால் செய்வது எப்படி?

ராக்கெட் கட்டிப் பறக்கவிடும் 'கெர்பல் ஸ்பேஸ் புரோகிராம்' என்ற கணினி விளையாட்டைத் திறந்தால் முதலில் வருவது ஒரு நீண்ட காத்திருப்பு. திரையின் அடியில் ஒரு பட்டை ஊர்ந்துகொண்டிருக்கும், கிண்டலான வாசகங்கள் மாறி மாறி வரும். புதிய பாகங்கள் சிலவற்றை இணையத்திலிருந்து இறக்கிச் சேர்த்துவிட்டுத் திறந்தால் இன்னும் நேரமாகும். கம்ப்யூட்டர் ஹேங் ஆகிவிட்டதோ என்று பவர் பட்டனைத் தேடத் தோன்றும். தேட வேண்டாம். உள்ளே ஒரு வேலை நடந்துகொண்டிருக்கிறது.

எரிபொருள் தொட்டி, எஞ்சின், இறக்கை, ஏணி என்று எந்தப் பாகத்தைப் பற்றித் தன் குறிப்பேட்டில் கணக்கு இல்லையோ, அதை எடுத்து மேல், கீழ், இடம், வலம், முன், பின் என ஆறு பக்கமும் கேம் படம் பிடிக்கிறது. நம் கண்ணுக்குக் காட்டுவதற்கான படம் அல்ல அது. அந்தப் பக்கத்திலிருந்து காற்று மோதினால் எவ்வளவு பரப்பில் மோதும், அந்த வடிவம் காற்றை எவ்வளவு தடுக்கும், எவ்வளவு ஆழத்துக்கு நீண்டிருக்கிறது என்று படத்திலிருந்து அளந்து, பக்கத்துக்கு மூன்று எண்களாக ஒரு கோப்பில் எழுதி வைத்துக்கொள்கிறது. இரண்டு தொட்டிகளை ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டினால் நடுவில் மூடிக்கொண்ட பரப்பைக் கழித்துவிடும். பறக்கும்போது காற்றின் தடைக்கு அடிப்படை இந்தச் சில எண்கள்தான். உண்மை ராக்கெட்டைச் சுற்றி ஓடும் காற்றைக் கணக்கிட சூப்பர் கம்ப்யூட்டர்கள் நாள்கணக்கில் உழைக்கின்றன. நம் வீட்டு லேப்டாப் அதைச் செய்ய முடியாது. ஆனால் கூர்முனை வைத்த ராக்கெட் சீராக ஏறுவதும், முனையில்லாத தட்டை ராக்கெட் திணறுவதும் ஏறக்குறைய சரியாகவே வந்துவிடுகிறது.

இன்ஸ்டால் என்ற சொல்லுக்கு இந்த கேமில் கொஞ்சம் கனமான பொருள் உண்டு. வன்தட்டில் வந்து இறங்குவது கதையோ கட்டங்களோ இல்லை. இயற்கை விதிகளின் ஒரு தொகுப்பு, அதோடு அந்த விதிகளை எங்கெங்கே சுருக்கிக்கொண்டோம் என்ற சமரசங்களின் பட்டியல். செட்டிங்ஸ் பக்கத்தைப் பொறுமையாகப் படிப்பவருக்கு அந்தச் சமரசங்களில் சில வெளிப்படையாகவே தெரியும்.

முதலில் பின்னணி. மெக்சிகோ நகரில் ஸ்குவாட் என்று ஒரு விளம்பர நிறுவனம். அங்கே வேலை பார்த்த பிரேசில்காரர் ஃபெலிபே ஃபலாங்கே, கேம் செய்யப் போகிறேன் என்று வேலையை விட நினைத்தபோது, இங்கேயே செய் என்றார்கள் முதலாளிகள். சிறுவயதில் தீபாவளி ராக்கெட் மாதிரியான வாணங்களில் ஈயத்தாள் பொம்மைகளைக் கட்டி மேலே அனுப்பியவர் அவர். அந்தப் பொம்மைகளுக்கு அன்றே வைத்த பெயர்தான் கெர்பல். 2011 ஜூனில் முதல் பதிப்பு வெளியானது; 1.0 என்ற எண்ணைத் தொட 2015 ஏப்ரல் ஆனது. 2023இல் அரைகுறையாக வெளிவந்த இரண்டாம் பாகம் முடிக்கப்படாமலே நின்றுபோனதால், வாங்குவதானால் முதல் பாகத்தை வாங்குவதே புத்திசாலித்தனம். கிராஃபிக்ஸ் கார்டைப் பற்றி அதிகம் கவலைப்பட வேண்டியதில்லை. ரேம் தாராளமாக இருக்கட்டும், பிராசசரின் ஒற்றைக் கோர் வேகமானதாக இருக்கட்டும். ஏன் ஒற்றைக் கோர் என்பதற்குப் பிறகு வருகிறேன்.

இன்ஸ்டால் ஆனதும் 'கேம்டேட்டா' என்ற ஃபோல்டரைத் திறந்து பாருங்கள். ஒவ்வொரு பாகத்துக்கும் ஒரு சாதாரண எழுத்துக் கோப்பு இருக்கும், நோட்பேடிலேயே திறக்கும். 'டெரியர்' என்ற சிறிய எஞ்சினின் கோப்பில் நிறை 0.5 டன், உந்துவிசை 60 கிலோநியூட்டன் என்று இருக்கும். அதற்குக் கீழே இரண்டு வரிகள்: காற்றழுத்தம் 0 என்றால் 345, அழுத்தம் 1 என்றால் 85. இவை எஞ்சினின் திறனைச் சொல்லும் எண்கள், நொடிக் கணக்கில். வெற்றிடத்தில் 345 நொடி தரும் அதே எஞ்சின் தரைமட்டத்தில் 85 நொடிக்குச் சரிந்துவிடுகிறது. புதிதாக விளையாடுபவர்கள் இந்த எஞ்சினை முதல் அடுக்கில் மாட்டிவிட்டு, ஏன் மேலே கிளம்பவே மாட்டேன் என்கிறது என்று விழிப்பது வழக்கம். மேல் அடுக்கு எஞ்சின்களின் அகன்ற கூம்பு வெற்றிடத்துக்காக அளவெடுத்தது; தரைமட்டக் காற்று அதை அழுத்திக் கெடுத்துவிடும். அதனால்தான் நெல்லை மாவட்டம் மகேந்திரகிரியில் இஸ்ரோ, மேல் அடுக்கு எஞ்சின்களைச் சோதிக்கக் காற்றை வெளியேற்றி உயர்வானச் சூழலை உண்டாக்கும் தனிக்கூடம் வைத்திருக்கிறது. அந்தக் கூடத்தின் தேவை முழுவதும் இங்கே இரண்டு வரி எழுத்தில் அடங்கிவிடுகிறது.

கேமில் வரும் குட்டி மனிதர்களான கெர்பல்கள் வாழும் கோளின் பெயர் கெர்பின். அதன் ஈர்ப்பு நம் பூமியைப் போலவே. கீழே போட்ட பொருள் நொடிக்கு 9.81 மீட்டர் என வேகம் கூடி விழும். ஆனால் ஆரம் வெறும் 600 கிலோமீட்டர், பூமியில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. அவ்வளவு சின்னக் கோளுக்கு இவ்வளவு ஈர்ப்பு வேண்டுமென்றால் அது என்னவாக இருக்க வேண்டும்? கணக்குப் போட்டால் ஒரு கன சென்டிமீட்டருக்குச் சுமார் 58 கிராம் வருகிறது. பூமியில் கிடைக்கும் உலோகங்களில் மிக அடர்த்தியான ஆஸ்மியமே 22.6 கிராம்தான். இப்படி ஒரு கோள் எங்கும் இருக்க முடியாது.

தெரிந்தே செய்த தில்லுமுல்லு இது. காரணம், ராக்கெட்காரர்களைப் பாடாய்ப்படுத்தும் ஒரு சமன்பாடு. 1903இல் ரஷ்யப் பள்ளி ஆசிரியர் சியோல்கோவ்ஸ்கி வெளியிட்டது. வேண்டிய வேகம் கூடக் கூட, எரிபொருள் கூட்டல் கணக்கில் ஏறாது. பெருக்கல் கணக்கில் ஏறும். பூமியைச் சுற்றும் பாதையில் நிலைகொள்ள, காற்றுத் தடை, ஈர்ப்பு இழப்பு எல்லாம் சேர்த்து நொடிக்கு ஏறத்தாழ 9,400 மீட்டர் வேகத்துக்கான எரிபொருள் வேண்டும். 320 நொடித் திறன் உள்ள எஞ்சின் என்று வைத்துக்கொண்டால், மேலே போய்ச் சேரும் ஒவ்வொரு டன்னுக்கும் தரையில் 20 டன் நிற்க வேண்டும். கெர்பினில் 3,400 மீட்டர் போதும், அதனால் 3 டன்னிலேயே காரியம் முடிந்துவிடுகிறது. பூமியில் பொறியாளர்கள் கிராம் கிராமாகச் செதுக்குகிறார்கள். கெர்பினில் பத்தாம் வகுப்புப் பையன் தொட்டிகளைக் கன்னாபின்னாவென்று அடுக்கியும் ஒருவழியாகச் சுற்றுப்பாதையைத் தொட்டுவிடுவான். கேமின் இனிமை முழுக்க அந்த 600 என்ற எண்ணில் இருக்கிறது என்று நான் சொல்வேன்.

இப்போது செட்டிங்ஸ். நிழல், நீர், நிலப்பரப்பின் நுணுக்கம் எல்லாம் மற்ற கேம்களில் இருப்பவைதான்; கம்ப்யூட்டர் திணறினால் குறைத்துக்கொள்ளலாம். கவனிக்க வேண்டியது, ஒரு ஃப்ரேமுக்கு அதிகபட்சம் எவ்வளவு இயற்பியல் நேரம் என்று கேட்கும் அந்த ஒரு நழுவு பட்டை. 0.03 முதல் 0.12 நொடி வரை நகர்த்தலாம். பலர் இதைத் தொடுவதே இல்லை.

இயற்கையில் நேரம் தொடர்ந்து ஓடுகிறது. கம்ப்யூட்டரில் அது துண்டு துண்டாகத்தான் ஓட முடியும். இந்த கேமில் ஒரு துண்டு 0.02 நொடி. ஒவ்வொரு துண்டிலும் ஒவ்வொரு பாகத்தின் மீதும் எஞ்சின், காற்று, ஈர்ப்பு ஆகியவை செலுத்தும் விசைகளைக் கூட்டி, பாகங்களை இணைக்கும் மூட்டுகள் எவ்வளவு வளைகின்றன என்று பார்க்க வேண்டும். மூட்டு என்பது இங்கே ஒரு சுருள்வில் மாதிரி. அதனால்தான் உயரமான ஒல்லி ராக்கெட்டுகள் கிளம்பியதும் தூண்டில் கழியாக வளைந்து ஆடுகின்றன. அடிப்பாகம் தள்ளினால், அதன் மேலுள்ள பாகம் அடுத்ததைத் தள்ள, அது அதற்கடுத்ததைத் தள்ள வேண்டும். இந்தச் சங்கிலியைப் பல கோர்களுக்குப் பிரித்துக் கொடுப்பது கடினம். ஒரே கலத்தின் கணக்கைப் பெரும்பாலும் ஒரே கோர்தான் சுமக்கிறது. முன்பு சொன்ன ஒற்றைக் கோர் விஷயம் இதுதான். 2016 அக்டோபரில் வந்த 1.2 பதிப்பு முதல் கண்ணுக்குத் தெரியாத முட்டுகளைத் தானாகப் போட்டுக்கொள்ளும் வசதி உண்டு. செட்டிங்ஸில் அதற்கான கட்டத்தை டிக் செய்துவிட்டு, பாகங்களின் மெனுவில் அதை இயக்கிவிடுங்கள்; பாதித் தலைவலி போய்விடும்.

400 பாகங்கள் கொண்ட ராக்கெட் ஒன்று, உங்கள் கம்ப்யூட்டரால் நொடிக்குப் பத்து ஃப்ரேம்தான் காட்ட முடிகிறது என்று வைத்துக்கொள்வோம். பட்டையை 0.04இல் வைத்திருந்தால், ஒரு உண்மை நொடியில் கேமுக்குள் 0.4 நொடிதான் நகரும். கேமுக்குள் ஒரு நொடி கழிய நீங்கள் இரண்டரை நொடி உட்கார்ந்திருக்க வேண்டும். திரையின் இடது மூலையில் பயணக் கடிகாரத்தின் எண்கள் பச்சையிலிருந்து மஞ்சளாகும், இன்னும் மோசமானால் சிவப்பாகும். பட்டையைப் பெரிய எண்ணுக்குத் தள்ளினால் கடிகாரம் ஓரளவு உண்மை நேரத்தோடு ஒட்டி ஓடும், ஆனால் படம் குதித்துக் குதித்து வரும். நேரத்தை மெதுவாக்குவதா, பார்வையைத் துண்டாடுவதா என்பதைத்தான் அந்தப் பட்டை கேட்கிறது. ராக்கெட்டைக் கையால் ஓட்டுபவருக்குக் குறைந்த எண்ணே நல்லது என்பது என் கட்சி. காலம் மெதுவாகப் போனால் யோசிக்கவும் நேரம் கிடைக்கும்.

எந்தப் பட்டையாலும் சரிசெய்ய முடியாத ஒரு சிக்கல் ஆரம்ப நாட்களில் இருந்தது. கலம் கெர்பினை விட்டு வெகுதூரம் போனதும் காரணமே இல்லாமல் நடுங்கத் தொடங்கும், பிறகு சுக்குநூறாகச் சிதறும். விளையாடுபவர்கள் கடல் பூதத்தின் பெயரில் அதை 'கிராக்கன்' என்றார்கள். பூதம் ஒளிந்திருந்தது எண்களுக்குள். கேம் எஞ்சின் ஒரு இடத்தைக் குறிக்க 32 பிட் எண்ணைப் பயன்படுத்துகிறது. அதில் இலக்கங்களுக்குக் கிடைப்பது 24 பிட். சிறிய எண்களுக்கு இது தாராளம். தொடக்கப் புள்ளியிலிருந்து 600 கிலோமீட்டர் தள்ளிப் போனால், அடுத்தடுத்த இரு இடங்களுக்கு நடுவே ஆறேகால் சென்டிமீட்டர் இடைவெளி விழும். கெர்பினின் நிலா இருக்கும் 12,000 கிலோமீட்டரில் அந்த இடைவெளி ஒரு மீட்டர். அதாவது ஒரு பாகம் இங்கே இருக்கலாம், அல்லது ஒரு மீட்டர் தள்ளி இருக்கலாம். நடுவில் இடமே கிடையாது. தொட்டி திடீரென்று அத்தனை தூரம் குதித்தால், யாரோ பிடித்து இழுத்ததாக மூட்டு நினைத்துக்கொள்ளும். உடையாமல் என்ன செய்யும்?

2012 செப்டம்பரில் வந்த 0.17 பதிப்பில் இதற்கு மருந்து போட்டார்கள். வேகமாகப் பறக்கும் கலத்தை மையத்துக்கு அருகிலேயே நிறுத்திவிட்டு, கோள், நிலா, சூரியன் எல்லாவற்றையும் அதைச் சுற்றி நகர்த்துவது. நீங்கள் நொடிக்கு இரண்டு கிலோமீட்டரில் பாய்வதாக நினைக்கும்போது, உள்ளே பிரபஞ்சம்தான் எதிர்த்திசையில் ஓடுகிறது. கோப்பர்நிகஸ் கேட்டால் மனம் நொந்துபோவார், நியூட்டன் தலையாட்டுவார்.

சரி, பக்கத்துக் கோளுக்குப் போக கேம் கணக்கில் பல மாதங்கள் ஆகுமே, 0.02 நொடித் துண்டுகளாகக் கூட்டிக்கொண்டிருந்தால் விடியுமா? விடியாது. நேரத்தை 1,00,000 மடங்கு வரை முடுக்கும் வசதி இருக்கிறது. அதை அழுத்தியதும் மூட்டு, அதிர்வு எல்லாம் உறைந்துவிடும். கலம் ஒரு தண்டவாளத்தில் ஏறிக்கொள்ளும். கெப்ளர் சொன்ன நீள்வட்டம்தான் அந்தத் தண்டவாளம். இன்ன நேரத்தில் கலம் எங்கே என்று கேட்டால், இடைப்பட்ட பயணத்தைக் கணக்கிடாமலே சமன்பாடு பதில் சொல்லிவிடும்.

இதற்கும் ஒரு விலை உண்டு. கெப்ளரின் நீள்வட்டம் இரண்டு பொருள்களுக்கு மட்டுமே பொருந்தும். எனவே கேமில் ஒரு நேரத்தில் ஒரே கோள்தான் கலத்தை இழுக்கும். நிலாவைச் சுற்றி 2,430 கிலோமீட்டரில் கண்ணுக்குத் தெரியாத ஒரு வேலி. அதற்கு வெளியே கெர்பின் மட்டும் இழுக்கிறது. உள்ளே காலெடுத்து வைத்ததும் கெர்பின் முற்றிலும் மறைந்து நிலா மட்டும் இழுக்கிறது. நிலாப் பயணத்துக்கு இது போதும். ஆனால் பூமியும் சூரியனும் சேர்ந்து இழுப்பதால் உண்டாகும் சமநிலைப் புள்ளி இங்கே இருக்கவே முடியாது. 2024 ஜனவரியில் நம் ஆதித்யா எல்-1 போய்ச் சேர்ந்த இடம் கெர்பல்களின் வரைபடத்தில் கிடையாது. வேண்டுமென்றால் 'பிரின்சிபியா' என்ற மோட், அதாவது ரசிகர்கள் எழுதிச் சேர்த்த கூடுதல் நிரல், இருக்கிறது. நியூட்டனின் நூலின் பெயர்தான். அதைச் சேர்த்தால் எல்லாக் கோள்களும் ஒரே நேரத்தில் இழுக்கத் தொடங்கும். பிராசசரும் அதற்கேற்ப உழைக்கும்.

மோட்களைப் போடும் முன், கேம் இருக்கும் ஃபோல்டரை அப்படியே வேறிடத்துக்கு நகல் எடுத்து, அந்த நகலில் மட்டும் சோதனை செய்வது நல்லது. இந்த கேம் நகலிலிருந்தும் தனியாக ஓடும். நீங்கள் சேமித்த ஆட்டமும் ஒரு எழுத்துக் கோப்புதான். 'சேவ்ஸ்' ஃபோல்டருக்குள் அதைத் திறந்து ஒரு கலத்தின் பெயரைத் தேடினால், கீழே அதன் சுற்றுப்பாதை சில எண்களாக எழுதப்பட்டிருக்கும்: நீள்வட்டத்தின் அளவு, அது எவ்வளவு நசுங்கியது, எவ்வளவு சாய்ந்தது, எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது, குறித்த நேரத்தில் கலம் அதில் எங்கே. உண்மைச் செயற்கைக்கோள்களைக் கண்காணிப்பவர்கள் பரிமாறிக்கொள்ளும் இரண்டு வரிக் குறிப்பிலும் ஏறக்குறைய இவைதான் இருக்கும். நோட்பேடிலேயே முதல் எண்ணை மாற்றிச் சேமித்துவிட்டு ஆட்டத்தைத் திறந்தால், ஒரு துளி எரிபொருள் செலவில்லாமல் கலம் வேறு பாதையில் நிற்கும். சூரியனின் மேல் கொண்டுபோய் வைத்தாலும் யாரும் கேட்க மாட்டார்கள். அடைப்புக்குறி ஒன்றை மட்டும் தவறி அழித்துவிடாதீர்கள்.