அரச காணியும் வெளியேறும் நோட்டீசும்



வன்னியில் சொந்தபந்தம் இருக்கிற குடும்பங்கள் நம் லயங்களில் நிறைய. 1958, 1977, 1983 கலவரங்களில் அடிபட்டுப் போன நம் ஆட்கள் வவுனியா, கிளிநொச்சி, முல்லைத்தீவுப் பக்கம் காடு வெட்டிக் குடியேறினார்கள். பலருக்குக் காணி இருந்தது, கடதாசி இருக்கவில்லை. 1984-இல் கென்ட் பாம், டொலர் பாம் பண்ணைகளில் இருந்த நம் குடும்பங்கள் வெளியேற்றப்பட்டதைப் பெரியவர்கள் மறக்கமாட்டார்கள்.

போன மாதம் ஒரு அம்மா என்னிடம் வந்தார். "ஐயா, தங்கச்சி கெணறு வெட்டி, தென்னை வச்சு இருபத்தஞ்சு வருஷமா இருக்கிற காணி. இப்ப எழும்பச் சொல்லி நோட்டீஸ் வந்திருக்காம். அப்படிச் சொல்ல ஏலுமா?" என்று கேட்டார். எல்லாருக்கும் பயன்படும் என்பதால் பதிலை இங்கே எழுதுகிறேன்.

முதலில் ஒரு தப்பான எண்ணத்தை விடவேண்டும். "பத்து வருஷம் இருந்தா காணி நமக்கு" என்பார்கள். அது தனியார் காணிக்குத்தான். அரச காணியில் எத்தனை வருஷம் இருந்தாலும் அதனால் மட்டும் உரிமை வராது.

அரச காணியில் அனுமதியில்லாமல் இருப்பவரை எழுப்ப 1979-ஆம் ஆண்டின் 7-ஆம் இலக்கச் சட்டம் இருக்கிறது. பிரதேச செயலாளர் போன்ற அதிகாரி நோட்டீஸ் கொடுப்பார். வெளியேற ஆகக் குறைந்தது 30 நாள் தரவேண்டும். போகாவிட்டால் நீதவான் நீதிமன்றத்தில் மனுப் போடுவார், அழைப்பாணை வரும். அங்கே நீதவான் பார்ப்பது ஒன்றுதான்: செல்லுபடியாகும் பேமிட் அல்லது அரசாங்கம் சட்டப்படி எழுத்தில் கொடுத்த வேறு அனுமதி உண்டா? கிணறு, தென்னை, பிள்ளைகளின் பள்ளிக்கூடம் எதுவும் அந்தக் கேள்விக்குப் பதிலாகாது. கடதாசி இல்லாவிட்டால் வெளியேற்றும் கட்டளைதான். அதற்கு அப்பீலும் இல்லை. உறுதி வைத்திருந்து, காணி தன்னுடையது என்று சொல்பவர் 6 மாதத்துக்குள் அரசுக்கு எதிராகத் தனியாக வழக்குப் போடலாம்.

நோட்டீசே பிழையென்றால் எந்தக் கோர்ட்டுக்குப் போவது? இதற்குப் பதில் நம் மலையகத்து வழக்கிலேயே வந்தது. இராகலை ஸ்டாபோர்ட் தோட்டக் காணி சம்பந்தமான வழக்கில், அரச காணி நோட்டீசை மாகாண மேல் நீதிமன்றம் விசாரிக்க முடியாது என்று 2013-இல் உயர் நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்குத்தான் போகவேண்டும். ஏழைக்கு அது தூரமும் செலவும். ஆகவே நோட்டீஸ் கிடைத்த அன்றே ஓடவேண்டும். சட்ட உதவி ஆணைக்குழு வசதியில்லாதவர்களுக்கு இலவசமாக உதவுகிறது.

நோட்டீஸ் வருமுன்னே செய்யவேண்டியது என்ன?

பேமிட் இல்லாதவர்கள் பிரதேச செயலகத்தில் எழுத்தில் விண்ணப்பித்து, பிரதியை வைத்துக்கொள்ளுங்கள். விண்ணப்பம் பேமிட் ஆகாது, ஆனால் கேட்டதற்குச் சாட்சி. பேமிட் காணியை வெறும் கடதாசியில் எழுதி வாங்கினால் செல்லாது. பிரதேச செயலாளரின் சம்மதம் வேண்டும். பேமிட் உள்ளவர்கள் பின்னுரித்தாளர் பெயரைப் பதிந்து வையுங்கள். இல்லாவிட்டால் பிள்ளைகள் நாளைக்கு அடிபடுவார்கள்.

கடதாசியின் அருமை சமீபத்திலும் தெரிந்தது. 2025 மார்ச் 28-இல் வந்த வர்த்தமானி, கிளிநொச்சி, முல்லைத்தீவு உட்பட வடக்கில் சுமார் 5,900 ஏக்கருக்கு உரிமை கோருவோர் 3 மாதத்தில் முன்வரவேண்டும் என்றது. யுத்தத்தில் எல்லாம் தொலைத்தவர்கள் எதைக் காட்டுவார்கள்? உயர் நீதிமன்றம் ஜூன் மாதம் அதை இடைநிறுத்தியதால்தான் மூச்சு வந்தது.

அந்த அம்மாவிடம், தங்கச்சியை உடனே நோட்டீசோடு சட்ட உதவி ஆணைக்குழுவுக்குப் போகச் சொன்னேன். ஒரு பழைய பேமிட் பெட்டிக்கடியில் கிடக்கிறதாம், தகப்பன் பெயரில். அதைத் தேடி எடுத்துக்கொண்டு போகட்டும். உங்கள் வன்னிச் சொந்தங்களுக்கும் இதை வாசித்துச் சொல்லுங்கள்.